ஊட்டி மலை ரயில்: இந்த டிக்கெட்டுக்கு இவ்வளவு அடிதடி தேவையா?

முதல்லயே சொல்லிடறேன், ஊட்டியில ஏறி குன்னூர்ல இறங்கிட்டு "மலை ரயிலெல்லாம் பாத்தாச்சுங்க, பெருசா ஒண்ணும் இல்ல"னு சொல்றவங்க பேச்சைக் கேக்காதீங்க. அவங்க பாத்தது மொத்தம் 46 கிலோமீட்டர்ல மேல இருக்கற 19 கிலோமீட்டர் மட்டும்தான், இடைவேளைக்கு அப்புறம் தியேட்டருக்குள்ள வந்து உக்காந்துட்டு படம் புரியலைனு சொல்ற கதை. மேட்டுப்பாளையத்துல காலைல ஏறி, மேல பாத்து போற வண்டியில, ஜன்னல் ஓரமா உக்காந்து ஊட்டி வரைக்கும் போனாத்தான் இந்த ரயில் என்னனு தெரியும். என்னோட ரிவ்யூ அந்த முழுப் பயணத்துக்குத்தான்.

இப்பல்லாம் யூட்யூப்ல நீலகிரினு அடிச்சா நூறு வீடியோ வருது, எல்லாம் எட்டு நிமிஷம் பத்து நிமிஷம், ட்ரோன் மேல போகும், மேகம் விலகும், பின்னாடி பியானோ வாசிப்பாங்க, நடுவுல ஒரு வயசானவரோட முகச் சுருக்கம் க்ளோசப்ல வரும், முடிஞ்சுது. பாக்க அழகாத்தான் இருக்கு, நான் குறை சொல்லலை, ஆனா மேல இருந்து பாத்தா எல்லாமே பச்சை. எது காடு, எது டீத்தோட்டம், எது தைல மரம், எது யாரோ நட்டு வச்சுட்டுப் போன சீகை மரம் (இங்கிலீஷ்ல வாட்டில், சீகைக்காய் இல்ல)னு ஒண்ணும் பிரியாது. அதைப் பிரிச்சுக் காட்டற வேலையை இந்த வண்டி செய்யுது. பல் சக்கரம் மாட்டின இடத்துல ஏறறப்ப வேகம் மணிக்கு 13 கிலோமீட்டரைத் தாண்டாது, ஜன்னலுக்கு வெளிய கையை நீட்டினா இலை படும் (நீட்டாதீங்க, பாறையும் படும்), அந்த வேகத்துல ஒரு மலையை அடிவாரத்துல இருந்து உச்சி வரைக்கும் அஞ்சு மணி நேரம் வரிசையா காட்டற டாக்குமெண்டரி வேற எங்கயும் கிடையாது. வாய்ஸ் ஓவர் கிடையாது, அதுவே பெரிய நிம்மதி.

டிக்கெட் விஷயத்தை முடிச்சுடுவோம். மேட்டுப்பாளையத்துல இருந்து ரெகுலரா போறது காலைல 7.10க்கு ஒரே ஒரு வண்டி, சென்னையில இருந்து வர்ற நீலகிரி எக்ஸ்பிரஸ் வந்து சேர்ந்த கொஞ்ச நேரத்துல கிளம்பும். ரிசர்வேஷன் திறந்த கொஞ்ச நேரத்துலயே சீசன் நாளெல்லாம் காலி. ரிசர்வ் இல்லாத டிக்கெட் கொஞ்சம் காலைல கவுண்ட்டர்ல தருவாங்க, அதுக்கு விடியறதுக்கு முன்னாடியே க்யூ நிக்கும், குழந்தை குட்டியோட போறவங்க அதை நம்பிப் போகாதீங்க. கோயமுத்தூர்ல ஒரு டிராவல்ஸ்காரர் எங்கிட்ட "கன்ஃபர்ம் டிக்கெட் இருக்குங்க, பேர் மட்டும் வேற"னு சொல்லி டபுளுக்கு மேல கேட்டாரு, அந்தப் பக்கமே தலை வச்சுப் படுக்க வேண்டாம், ஐடி கேட்டா இறக்கி விட்டுருவாங்க. சீசன்ல ஸ்பெஷல் வண்டி விடுவாங்க, அதுக்கு ரேட்டு ரொம்ப ஜாஸ்தி. ஃபர்ஸ்ட் கிளாஸ் முன்னாடி பெட்டியில இருக்கு, என்ஜின் பின்னாடி இருந்து தள்றதால முன்னாடி எதுவும் மறைக்காது, தண்டவாளம் அப்படியே மலைக்குள்ள போறது தெரியும், காசு இருந்தா அதுக்குப் போடலாம். செகண்ட் கிளாஸ்னா எதிர் எதிர் பெஞ்ச், முட்டியோட முட்டி இடிக்கும், உயரமானவங்க காலை எங்க வைக்கறதுனு கிளம்பறதுக்கு முன்னாடியே எதிர்ல இருக்கறவங்களோட பேசி ஒரு ஒப்பந்தத்துக்கு வந்துடுங்க.

"எந்தப் பக்கம் உக்காரணும்?"னு எல்லாரும் கேக்கறாங்க. 208 வளைவு இருக்குங்க. மலைச்சுவரும் பள்ளமும் மாறி மாறி வரும். ஜன்னல் கிடைச்சா போதும்.

மேட்டுப்பாளையம் கடல் மட்டத்துல இருந்து 326 மீட்டர், ஊட்டி ஸ்டேஷன் 2,203 மீட்டர். வண்டி கிளம்பினதும் பவானி ஆத்தைத் தாண்டி கல்லாறு வரைக்கும் சமவெளி மாதிரிதான், பாக்குத் தோப்பு, தென்னை, வாழை, காத்துல ஈரம், சட்டை முதுகோட ஒட்டும். இங்க இருந்து மலையைப் பாத்தா ஒரு செவுரு மாதிரி நேரா நிக்குது, இதுல எங்கடா ரயில் ஏறும்னு தோணும். கல்லாறுப் பக்கம் யானை போற வழித்தடம் வேற, தண்டவாளத்தையும் ரோட்டையும் தாண்டித்தான் அதுங்க போகணும்.

கல்லாறு தாண்டினதும்தான் சமாச்சாரமே. ரெண்டு தண்டவாளத்துக்கும் நடுவுல பல்லு வச்ச ரெண்டு இரும்புப் பட்டை ஓடுது, ஒண்ணோட பல்லு இன்னொண்ணோட பள்ளத்துக்கு நேரா வர்ற மாதிரி தள்ளித் தள்ளி வச்சிருக்காங்க, என்ஜின்ல இருக்கற பல் சக்கரம் அதுல கவ்விக்கிட்டே ஏறும், எந்த நேரத்துலயும் ஏதோ ஒரு பல்லு கவ்விட்டுத்தான் இருக்கும். ஆப்ட்னு ஒரு சுவிஸ்காரர் கண்டுபிடிச்ச முறை, இந்தியாவுல இந்த ஒரு லைன்லதான் இருக்கு. ஏத்தம் எவ்வளவுனா 12 மீட்டர் போனா 1 மீட்டர் மேல. மும்பை புனே ரூட்ல போர் காட்னு ஒரு மலைப்பாதையைப் பயங்கரமா சொல்லுவாங்களே, அங்கயே 37 மீட்டருக்கு 1 மீட்டர்தான். என்ஜினுக்கு நாலு சிலிண்டர், ரெண்டு சாதா சக்கரத்துக்கு, மேல இருக்கற ரெண்டு பல் சக்கரத்துக்கு, கீழ வேலை பாத்து முடிச்ச அதே ஆவி மேல போய் இன்னொரு தடவை வேலை பாக்குது. கஞ்சத்தனம்னு சொன்னாலும் சரி, மூளைனு சொன்னாலும் சரி. பழைய என்ஜினெல்லாம் சுவிட்சர்லாந்து விண்டர்தூர்ல செஞ்சது, இப்ப நம்ம திருச்சி பொன்மலை ஒர்க்‌ஷாப்லயே புதுசு செஞ்சு அனுப்பறாங்க, அதைக் கேட்டப்ப எனக்கு சுவிஸ் என்ஜினை விட அதுதான் பெருமையா இருந்துச்சு.

இன்னொண்ணு கவனிங்க, ஒவ்வொரு பெட்டி முன்னாடியும் ஒரு பிரேக்ஸ்மேன் நிப்பாரு. டிரைவர் பின்னாடி இருக்காரு, அவருக்கு முன்னாடி வழி தெரியாது, முதல் பெட்டியில நிக்கறவர்தான் கொடி காட்டி சிக்னல் குடுக்கணும். மழை, பனி, குகை எதுவா இருந்தாலும் வெளியதான் நிக்கறாங்க. நாம செல்ஃபி எடுக்க எட்டிப் பாக்கறப்ப "உள்ள போங்கம்மா, உள்ள போங்க தம்பி"னு கத்தறது அவர்தான், கோவப்படாதீங்க.

அடர்லி, ஹில்குரோவ், ரன்னிமேட்னு ஸ்டேஷன் பேரெல்லாம் வெள்ளைக்காரன் வச்சது, ஊர்னு ஒண்ணும் கிடையாது, என்ஜின் தண்ணி குடிக்கற இடங்க. அது நிக்கறப்ப எல்லாரும் இறங்கி ஓடி வந்து என்ஜின் பக்கத்துல போட்டோ எடுப்பாங்க. நான் சொல்றது என்னன்னா ஒரே ஒரு தடவை அந்தக் கூட்டத்துக்கு எதிர்ப் பக்கமா நடந்து போய் பத்து நிமிஷம் பள்ளத்தைப் பாருங்க. லைன் குன்னூர் ஆத்துப் பள்ளத்தை ஒட்டித்தான் ஏறுது. அடர்லி வர்ற வரைக்கும் மூங்கில், இலை உதிர்க்கற மரங்க, கோடையில போனா பாதி மரம் மொட்டையா நிக்கும். ஹில்குரோவ் வர்றதுக்குள்ள அது மாறிடும், மரம் எல்லாம் எப்பவும் இலையோட, கொடி பின்னி, பாறை மேல பாசி, வெயில் நேரத்துலயும் உள்ள இருட்டு. யாரும் கோடு போட்டுக் காட்ட மாட்டாங்க, நீங்க பாத்துட்டே இருந்தா எங்கயோ ஒரு குகைக்கு அப்புறம் காடு வேற காடா இருக்கும். இந்தக் குகைகளும் (மொத்தம் 16) பாலங்களும் (250ன்னு கணக்கு) வர்றப்ப வண்டி முழுக்க ஓனு கத்துவாங்க, பசங்கனா பரவால்ல, ரிட்டயர்டு ஆளுங்களும் கத்தறாங்க, நானும் கத்தினேன்.

ஹில்குரோவ்ல வடை டீ கிடைக்கும், குரங்கும் கிடைக்கும். கையில தின்பண்டம் வச்சிருந்தா அது உங்களோடது இல்லைனு நினைச்சுக்கங்க. என் அக்கா பையன் கையில இருந்த பன்னை ஒரு குரங்கு அவ்வளவு மரியாதையா, அடிக்காம கடிக்காம வாங்கிட்டுப் போச்சு, அவன் ஊட்டி வர்ற வரைக்கும் அழுதான்.

மழைக் கணக்கு ஒண்ணு சொல்லணும், பிளான் பண்ண உதவும். நீலகிரியோட மேற்குப் பக்கம், கூடலூர், அவலாஞ்சி எல்லாம் தென்மேற்குப் பருவத்துல ஜூன் ஜூலைல நனையும். ஆனா இந்த ரயில் ஏறற கிழக்குச் சரிவு அப்படி இல்ல, இதுக்குப் பெரிய மழை அக்டோபர் நவம்பர்லதான். அதனால அந்த ரெண்டு மாசம் அருவியெல்லாம் தண்டவாளத்துக்குப் பக்கத்துலயே கொட்டும், பாக்க அதுதான் பெஸ்ட், அதே ரெண்டு மாசத்துலதான் மண்ணு சரிஞ்சு பாறை உருண்டு சர்வீஸ் நாள் கணக்குல, சில வருஷம் வாரக் கணக்குல நிக்கும். 2009 நவம்பர்ல நடந்த நிலச்சரிவுல இந்த மாவட்டத்துல 40 பேருக்கு மேல செத்துப் போனாங்க, அதை மறந்துட்டு "ரயில்வே சும்மா கேன்சல் பண்றாங்க"னு கமெண்ட் போடக் கூடாது. மழை விட்ட ஜனவரி பிப்ரவரி நான் சொல்ற டைம், பச்சையும் மிச்சம் இருக்கும், வண்டியும் ஓடும், மே மாசக் கூட்டமும் கிடையாது.

ரன்னிமேட் தாண்டினதும் டீத்தோட்டம் ஆரம்பிக்குது, நடுநடுவுல நிழலுக்கு நட்ட சில்வர் ஓக். வண்டியில இருக்கற எல்லாரும் "வாவ்"னு போனைத் தூக்கறது இங்கதான். எனக்கு இங்கதான் கொஞ்சம் சுருதி இறங்கும். அழகு இல்லைனு சொல்லலை, ஆனா இதுக்கு முன்னாடி ஒரு மணி நேரமா பாத்துட்டு வந்த காட்டை வெட்டிட்டுத்தானே இது வந்துச்சு. கோயமுத்தூர் கலெக்டர் ஜான் சல்லிவன் 1819ல மேல ஏறி வந்தாரு, அதுக்கு அப்புறம் ஒரு நூறு வருஷத்துக்குள்ள டீ, காபி, சிங்கோனா (மலேரியா மருந்துக்கான மரம்), தைல மரம், சீகைனு மலையோட தோலையே மாத்திட்டாங்க. ரயில் போடலாம்னு 1854லயே பேச்சு எடுத்து, 1891ல வேலை ஆரம்பிச்சு, 1899ல குன்னூர் வரைக்கும், 1908ல ஊட்டி வரைக்கும் கொண்டு வந்தாங்க. நீங்க கீழ இருந்து ஏறி வந்தா எது முதல்ல இருந்துச்சு, எது அப்புறம் வந்துச்சுங்கறது கண்ணுக்கு முன்னாடி வரிசையா வருது. ஊட்டியில ஏறி குன்னூர்ல இறங்கறவங்களுக்கு டீத்தோட்டம்தான் இயற்கைனு தோணும், அதுல அவங்க தப்பு ஒண்ணும் இல்ல.

அந்தத் தோட்டத்துல குனிஞ்சு கொழுந்து பறிக்கறவங்களைப் பத்தியும் ஒண்ணு. நீலகிரியில தோட்ட வேலை பாக்கற குடும்பங்கள்ல நிறைய பேர் இந்தியாவும் இலங்கையும் போட்ட 1964 சிறிமாவோ சாஸ்திரி ஒப்பந்தத்துக்கு அப்புறம் இலங்கை மலையகத்துல இருந்து திரும்பி வந்தவங்க. அவங்களுக்கு வேலை குடுக்கத்தான் அரசாங்கம் டான்டீங்கற அரசு டீத்தோட்டங்களை ஆரம்பிச்சுது. ஒரு மலையில நாலு தலைமுறை டீ பறிச்சு, அங்க இருந்து அனுப்பப்பட்டு, இன்னொரு மலையில மறுபடி டீ. ட்ரோன் வீடியோவுல இவங்க கலர் சேலையில சின்னச் சின்னப் புள்ளியா வருவாங்க. ரயில்ல இருந்து பாத்தா மூஞ்சி தெரியுது, சில பேர் கை காட்டறாங்க, பல பேர் நிமிர்ந்துகூட பாக்க மாட்டாங்க, தினம் பாக்கற ரயில்தானே.

குன்னூர்ல நீராவி என்ஜினைக் கழட்டிட்டு டீசல் மாட்டறாங்க. இங்க இருந்து பல் பட்டை கிடையாது, ஏத்தமும் கம்மி. வண்டி நிக்கற நேரத்துல வர்க்கி (மொறுமொறு பிஸ்கட் மாதிரி) வாங்கிக்கங்க, 2023ல புவிசார் குறியீடு கிடைச்ச ஐட்டம், சூடா டீயில முக்கி சாப்பிடறதுக்குனே செஞ்சது, தனியா கடிச்சா மேல் அண்ணம் கிழியும். பாட்டில் தண்ணி வாங்கலாம்னு நினைக்காதீங்க, மாவட்டம் முழுக்க ஒரு தடவை யூஸ் பண்ற பிளாஸ்டிக்குக்குத் தடை, வீட்டுல இருந்து எவர்சில்வர் பாட்டில் எடுத்துட்டு வாங்க. இவ்வளவு தூரம் வந்தப்பறம் ஸ்வெட்டரும் எடுங்க, 1,900 மீட்டர் ஏறினா கிட்டத்தட்ட 12 டிகிரி குறையும், காலைல முதுகுல ஒட்டின சட்டை இப்ப குளிருல வெறைக்கும்.

குன்னூருக்கு மேல பயணம் கொஞ்சம் லோக்கல் ஆயிடுது. வெலிங்டன்ல ராணுவம், அருவங்காடுல வெடிமருந்து ஃபேக்டரி, இதையெல்லாம் வேகமா விட்டுடலாம். கேத்தி வந்ததும் முழிச்சுக்கங்க, பள்ளத்தாக்கு அப்படியே விரியும், படிப்படியா கேரட், பூண்டு, பீட்ரூட், நடுவுல படுகர் ஹட்டிங்க (படுகர் மக்களோட ஊருங்க) வரிசை வரிசையா. எங்களுக்கு எதிர்ல கேத்திக்காரர் ஒருத்தர் உக்காந்திருந்தாரு, எங்கம்மா "ஏனுங்க, ஊட்டி உருளைக்கிழங்கு எல்லாம் எங்க போச்சு, எல்லாம் கேரட்டா இருக்குது"னு கேக்க, அவரு "கெழங்குல புழு வந்துருச்சும்மா, எங்க அப்பா காலத்துலயே"னு ஆரம்பிச்சவரு லவ்டேல் வரைக்கும் நிறுத்தலை. 1961ல நீலகிரி உருளையில நூற்புழு இருக்குனு கண்டுபிடிச்சாங்க, அதுக்கு அப்புறம் இங்க இருந்து விதைக்கிழங்கு வெளிய போறதுக்கே கட்டுப்பாடு. இந்தத் தகவல் எந்த டூர் பேக்கேஜ்லயும் வராது, முட்டி இடிக்கற சீட்டால கிடைச்ச ஒரே லாபம்.

இனி குறை. ரயில்வேகிட்ட எனக்குப் பெருசா ஒண்ணும் இல்ல, நூறு வருஷத்துக்கு மேல ஆன லைனை, 2005ல யுனெஸ்கோ பாரம்பரியச் சின்னம் ஆன லைனை, இன்னும் ஓட்டறாங்களே அதுவே பெரிய விஷயம். குறை எல்லாம் பாதி நம்ம ஆளுங்க மேல. அடர்லிக்கு முன்னாடியே ஸ்பீக்கர்ல பாட்டு போட ஆரம்பிச்சாங்க ஒரு குரூப், குகைக்குள்ள அது எதிரொலிச்சு தலைவலி. சிப்ஸ் கவரை ஜன்னல் வழியா பறக்க விட்டாரு ஒருத்தர், கேட்டா "காத்துல போயிடுச்சுங்க"ன்றாரு.

இன்னொரு குறை இருக்கு, அது ரயிலோடது இல்ல, அது போற வழியோடது. அஞ்சு மணி நேரம் பாத்தும் நீலகிரியோட அசல் முகத்தை நீங்க பாக்க மாட்டீங்க. இந்த மலையோட உயரத்துக்குனு இருந்த நிலம் புல்வெளியும் சோலையும்தான், மொட்டைக் குன்னு மேல புல்லு, ரெண்டு குன்னுக்கு நடுவுல மடிப்புல குட்டை மரங்களோட சோலைக்காடு, அது மழைத் தண்ணியைப் பிடிச்சு வச்சு கொஞ்சம் கொஞ்சமா ஓடையில விடும், கீழ பவானிக்குப் போற தண்ணியில அதுக்கும் பங்கு இருக்கு. லவ்டேல் ஊட்டிப் பக்கம் வர்றப்ப ஜன்னல்ல தெரியறது வானத்துக்கு நிக்கற தைல மரமும் சீகையும். வாசனை நல்லா இருக்கு, எங்கம்மா மூச்சை இழுத்து இழுத்து விட்டாங்க, சளிக்கு நல்லதுன்னு. ஆனா அது ஆஸ்திரேலியா மரம். விறகுக்கு, பட்டையில தோல் பதனிடறதுக்குனு கொண்டு வந்து புல்வெளி மேல நட்டது, இப்ப சீகையை எப்படி ஒழிக்கறதுனு கோர்ட்டு வரைக்கும் போய் நிக்குது. இதை அந்த வண்டியில யாராவது ஒரு பலகையில எழுதி வச்சிருந்தாக்கூட போதும், 12 வருஷத்துக்கு ஒரு தடவை நீலக்குறிஞ்சி பூக்கற மலைக்கு வந்துட்டு தைல மரத்தைப் போட்டோ எடுத்துட்டுப் போறோம்.

அதனால ஊட்டியில இறங்கினதும் பூங்கா, படகுனு ரெண்டு நாளையும் கரைக்காம, ஒரு நாள் அவலாஞ்சிப் பக்கம் போங்க, வனத்துறை அவங்க வண்டியிலயே உள்ள கூட்டிட்டுப் போய்க் காட்டறாங்க. அங்க சோலையும் புல்வெளியும் எப்படி ஒட்டி நிக்குதுனு ரெண்டு நிமிஷத்துல புரிஞ்சுடும். ரயில்ல பாத்தது பாதி, இது மீதி. ரெண்டையும் சேத்துப் பாத்தாத்தான் இந்த மலையைப் பாத்த கணக்கு.

ஸ்டார்னு கேட்டா கல்லாறுல இருந்து குன்னூர் வரைக்கும் அஞ்சுக்கு அஞ்சு, கண்ணை மூடிட்டு குடுப்பேன். குன்னூர்ல இருந்து ஊட்டிக்கு மூணு, கேத்திக்காக மூணரை. திரும்பி வர்றப்ப ரயில் வேண்டாம்ங்கறது என் கருத்து, மதியம் 2 மணிக்குக் கிளம்பி இறங்கற வண்டி மூணரை மணி நேரம், வெயிலும் தூக்கமும்தான் மிச்சம், பாதி பேர் வாயைத் திறந்துட்டு தூங்குவாங்க. கோத்தகிரி வழியா மேட்டுப்பாளையம் போற பஸ்ல ஏறுங்க, மலையோட இன்னொரு பக்கமும் பாத்த மாதிரி ஆச்சு. சொந்த வண்டியில வர்றவங்களுக்கு 2024 மே மாசத்துல இருந்து இ-பாஸ் வேணும், ரயில்ல வந்தா அந்தத் தொல்லை இல்ல.

மேட்டுப்பாளையம் டிக்கெட் கிடைக்கலைனு குன்னூர் ஊட்டி டிக்கெட்டை எடுத்துத் திருப்திப்பட்டுக்காதீங்க. ட்ரிப்பையே தள்ளி வைங்க, ரிசர்வேஷன் திறக்கற அன்னிக்கு காலைல எட்டு மணிக்கு முன்னாடியே லாகின் பண்ணிட்டு உக்காருங்க.